காற்று திரும்பும்வரை: சுவாஹிலிக்குள் அரபு வந்த கதை

கென்யா, தான்சானியா கடற்கரை ஊர்களில் ஒரு சிறுவன் தெருவில் பெரியவர் ஒருவரைக் கண்டால் "ஷிக்கமோ" என்பான். 'உங்கள் காலைப் பிடிக்கிறேன்' என்று பொருள். பெரியவர் "மரஹபா" என்று பதில் சொல்லிவிட்டு நடப்பார். இருவரும் பேசியது சுவாஹிலிதான். ஆனால் சிறுவன் சொன்னது ஆப்பிரிக்க மண்ணில் பிறந்த பாந்து மொழிக் குடும்பத்துச் சொல். பெரியவர் சொன்னது அரபுச் சொல். அரபியர் வீட்டு வாசலில் வரவேற்கும் அதே 'மர்ஹபா'.

சுவாஹிலியைப் புரிந்துகொள்ள இந்த ஒரு வணக்கமே நல்ல தொடக்கம். இன்று 20 கோடிக்கும் மேற்பட்டோர் பேசும் மொழி என்று யுனெஸ்கோ சொல்கிறது. 2021இல் ஜூலை 7ஆம் தேதியை உலகக் கிசுவாஹிலி நாளாகவும் அறிவித்தது. இவ்வளவு பெரிய மொழிக்குப் பெயர் வந்ததே அரபிலிருந்துதான். அரபில் 'ஸாஹில்' என்றால் கடற்கரை, அதன் பன்மை 'ஸவாஹில்'. கடற்கரைக்காரர்களின் மொழி என்று வைத்துக்கொள்ளலாம். அந்த மக்கள் தங்கள் மொழியைச் சொல்வது 'கிசுவாஹிலி', தங்களைச் சொல்வது 'வசுவாஹிலி'. முன்னால் நிற்கும் 'கி', 'வ' இரண்டும் பாந்து ஒட்டுகள். பெயரிலேயே வேர் அரபு, ஒட்டு பாந்து.

இதைப் பார்த்துத்தான் பலர் "சுவாஹிலி என்பது அரபும் ஆப்பிரிக்க மொழியும் பாதிப் பாதி கலந்த கலவை" என்று சொல்லிவிடுகிறார்கள். அது சரியில்லை. ஏன் என்று விளக்க ஒரே ஒரு சொல் போதும்: புத்தகம்.

அரபில் புத்தகம் 'கிதாப்'. சுவாஹிலியில் 'கிதாபு'. இதுவரை சாதாரணக் கடன்தான். பன்மைக்கு வரும்போது கதை மாறுகிறது. தமிழில் பன்மை சொல்லின் வாலில் வரும்: மரம், மரங்கள். பாந்து மொழிகளில் சொல்லின் தலை மாறும். நாற்காலி 'கிதி' என்றால் நாற்காலிகள் 'விதி'. மனிதன் 'ம்து', மனிதர்கள் 'வாது'. பெயர்ச்சொற்கள் எல்லாம் இப்படி வகை வகையாகப் பிரிந்திருக்கின்றன, ஒவ்வொரு வகைக்கும் தனித் தலை. அரபின் 'கிதாப்' என்ற சொல்லில் வரும் 'கி' ஒட்டே இல்லை. க-த-ப என்ற வேரின் பகுதி. அரபுப் பன்மை 'குதுப்'. ஆனால் கடற்கரையில் அந்தச் சொல்லைக் கேட்ட காதுக்கு அந்தக் 'கி', நாற்காலியின் 'கி' போலவே பட்டது. அப்புறம் என்ன, பன்மை 'விதாபு' ஆகிவிட்டது. 'இரண்டு நல்ல புத்தகங்கள்' என்பது 'விதாபு விவிலி விஸூரி'. எண்ணும் அடைமொழியும்கூட அந்த 'வி'யைத் தலையில் வாங்கிக்கொள்கின்றன. பின்னாளில் ஆங்கிலத்தின் 'கிளப்' வந்தபோதும் இதேதான் நடந்தது: ஒன்று 'கிலாபு', பல 'விலாபு'.

வினைச்சொல்லும் அப்படித்தான். பயணத்துக்கு அரபில் 'ஸஃபர்'. சஃபாரி என்ற சொல்லை உலகத்துக்கே கொடுத்தது அந்த வேரிலிருந்து எடுத்த சுவாஹிலிதான். 'நினாஸஃபிரி' என்றால் 'நான் பயணம் செய்கிறேன்': 'நி' நான், 'நா' நிகழ்காலம், மீதி பயணம். 'ஸஃபிரிஷா' என்று வாலை நீட்டினால் 'பயணம் செய்யவை', அதாவது சரக்கையோ ஆளையோ ஏற்றி அனுப்பு. அரபியர் கனவிலும் நினைக்காத வடிவங்கள் இவை. ஒரே ஒரு இடத்தில் மட்டும் விருந்தாளியின் அடையாளம் தெரிகிறது. 'படி' என்பதற்கான பாந்து வினை 'ஸோமா', எதிர்மறையில் 'ஸிஸோமி' என்று கடைசி எழுத்தை மாற்றிக்கொள்ளும். 'ஸஃபிரி' மாறாது, 'ஸிஸஃபிரி' என்றே நிற்கும்.

ஆக, சுவாஹிலியின் எலும்பு பாந்து. அரபு அதன் மேல் வந்து சேர்ந்த சதையின் ஒரு பங்கு. இவ்வளவு நெருக்கமாக அது எப்படி வந்து சேர்ந்தது என்பதற்கு விடை இலக்கணப் புத்தகத்தில் இல்லை, காற்றில் இருக்கிறது.

காற்று சொன்ன கால அட்டவணை

இந்தியப் பெருங்கடலின் மேற்குப் பாதியில் காற்று ஆண்டுக்கு இரண்டு முறை திசை மாறும். குளிர்காலத்தில் ஆசிய நிலப்பரப்பு குளிர்ந்து, காற்று அங்கிருந்து ஆப்பிரிக்காவை நோக்கி வீசும். சுவாஹிலிக்காரர்கள் அதை 'கஸ்காஸி' என்பார்கள். டிசம்பர் முதல் மார்ச் வரை அதன் ஆட்சி. கோடையில் ஆசியா சூடாகி, காற்று தெற்கிலிருந்து வடக்கு நோக்கித் திரும்பும். அது 'கூஸி', ஏப்ரலில் தொடங்கிச் செப்டம்பர்வரை. பருவத்துக்கு அவர்கள் சொல்லும் 'ம்ஸிமு', அரபின் 'மவ்ஸிம்'. ஆங்கிலத்தின் 'மான்சூன்' பிறந்ததும் அதே சொல்லிலிருந்துதான்.

இந்தக் காற்றுகள் எவ்வளவு பெரியவை என்றால் திசைகளுக்கே பெயர் கொடுத்துவிட்டன. வடக்கு 'கஸ்காஸினி', தெற்கு 'கூஸினி': கஸ்காஸி இருக்கும் இடம், கூஸி இருக்கும் இடம். நம்மிடம் இது தலைகீழ். தென்திசையிலிருந்து வந்தால் தென்றல், வடதிசையிலிருந்து வந்தால் வாடை. திசை காற்றுக்குப் பெயர் தந்தது. அவர்களிடம் காற்று திசைக்குப் பெயர் தந்திருக்கிறது. கிழக்குக்கும் மேற்குக்கும் மட்டும் சூரியன் உதிப்பதையும் மறைவதையும் குறிக்கும் அரபுச் சொற்கள் வந்தன: மஷாரிகி, மகாரிபி.

சரி, இதில் மொழிக்கு என்ன வேலை? ஒரு பாய்மரக் கப்பல் ஓமானிலிருந்தோ ஏமனிலிருந்தோ பாரசீக வளைகுடாவிலிருந்தோ கஸ்காஸியைப் பிடித்து வந்துவிட்டது. சரக்கை இறக்கியாயிற்று, விற்றாயிற்று. உடனே ஊர் திரும்ப முடியுமா? முடியாது. காற்று எதிரே நிற்கிறது. ஏப்ரலில் கூஸி எழும்வரை காத்திருக்க வேண்டும். ஜூன், ஜூலையில் அந்தக் காற்றே கொந்தளிப்பாகிவிடும், அப்போதும் கடலில் இறங்க முடியாது. தெற்கே வெகுதூரத்தில் இருக்கும் கில்வாவரை போனவர்கள் கொஞ்சம் தாமதித்தால் அடுத்த பருவம்வரைகூட உட்கார வேண்டிவரும்.

காற்றை மதிக்காதவர்களுக்கு என்ன ஆகும் என்பதற்கு வாஸ்கோடகாமாவே சாட்சி. 1498இல் கென்யக் கரையின் மலிந்தியில் ஒரு வழிகாட்டி மாலுமியை ஏற்றிக்கொண்டு, சரியான காற்றில் புறப்பட்டார். சுமார் 23 நாளில் மலபார் கரை தெரிந்தது. திரும்பும்போது பருவம் வரக் காத்திருக்காமல் அக்டோபரில் கிளம்பினார். அதே கடலைக் கடக்க ஏறத்தாழ மூன்று மாதம் பிடித்தது. ஸ்கர்வி நோயில் மாலுமிகள் கூட்டமாக மடிந்தார்கள்.

அதனால் காற்றின் குணம் தெரிந்தவர்கள் காத்திருந்தார்கள். மாதக் கணக்கில், ஆண்டுக்கு ஆண்டு, ஒரே ஊரில். தங்க வீடு வேண்டும், சமைக்க ஆள் வேண்டும், சரக்கைப் பார்த்துக்கொள்ள நம்பிக்கையான உள்ளூர்க் குடும்பம் வேண்டும். கல்யாணங்கள் நடந்தன. இது பிற்காலத்துக் கதை என்று நினைத்துவிடாதீர்கள். நம் முசிறியைப் பற்றிப் பேசும் பெரிப்ளூஸ் என்ற கிரேக்கக் கடல்வழிக் கையேடு, கி.பி. முதல் நூற்றாண்டைச் சேர்ந்தது. அது இந்த ஆப்பிரிக்கக் கரையையும் விவரிக்கிறது. இங்கே வரும் அரபுக் கப்பல்காரர்கள் உள்ளூரில் பெண்ணெடுத்து, ஊரின் போக்கையும் மொழியையும் அறிந்தவர்கள் என்று எழுதிவைத்திருக்கிறது.

2023இல் ஒரு தொல்மரபணு ஆய்வு வந்தது. இக்கரையின் பழைய கல்லறைகளில் கிடைத்த எலும்புகளை ஆராய்ந்தார்கள். பெண்வழி மரபு பெரும்பாலும் ஆப்பிரிக்கா. ஆண்வழியில் பெரும்பங்கு பாரசீகம் சார்ந்த ஆசியா. கலப்பு தொடங்கியது கி.பி. 1000ஐ ஒட்டி. என்னைப் பொறுத்தவரை சுவாஹிலியின் முழு ரகசியமும் இதில் இருக்கிறது. அப்பா கடலில் போய்விட்டார். குழந்தையை வளர்த்தது அம்மா. குழந்தை கற்றது அம்மாவின் இலக்கணத்தை. அப்பா கொண்டுவந்த சொற்கள் அந்த இலக்கணத்துக்குள் வந்து உட்கார்ந்தன. தாய்மொழி என்று நாம் சொல்வது அங்கே எழுத்துக்கு எழுத்து உண்மை.

கல் வீடுகளும் தங்கமும்

வணிகம் பெருத்தபோது ஊர்கள் பெருத்தன. சோமாலியாவிலிருந்து மொசாம்பிக் வரை கரை நெடுகத் துறைமுக நகரங்கள்: மொகதிஷு, லாமு, பாட்டே, மலிந்தி, மொம்பாசா, சான்சிபார், கில்வா, ஸோஃபாலா. லாமு தீவுக்கூட்டத்தின் ஷங்காவில் 8ஆம் நூற்றாண்டு மரப் பள்ளிவாசலின் தடயம் கிடைத்திருக்கிறது. சான்சிபாரின் கிஸிம்காஸி பள்ளிவாசலில் 1107ஆம் ஆண்டுக் கல்வெட்டு இருக்கிறது. 1331இல் கில்வாவுக்கு வந்த மொராக்கோப் பயணி இபின் பதூதா, அதை மிக அழகான நகரங்களில் ஒன்று என்று வியந்தார். ஜிம்பாப்வே உள்நாட்டுத் தங்கம் ஸோஃபாலா வழியாகக் கில்வாவுக்கு வந்த காலம் அது.

தங்கம், யானைத் தந்தம், ஆமையோடு, அம்பர் என்ற திமிங்கல நறுமணப் பொருள் எல்லாம் வெளியே போயின. குஜராத்தின் பருத்தித் துணி, மணிகள், சீனப் பீங்கான், அரபு நாட்டுப் பேரீச்சை உள்ளே வந்தன. தந்தம் ஓமான் வழியாக இந்தியாவுக்கும் சீனாவுக்கும் போனதை 10ஆம் நூற்றாண்டில் அரபுப் பயணி அல்மசூதி பதிவு செய்திருக்கிறார். எனக்கு மிகப் பிடித்த சரக்கு இவற்றில் எதுவும் இல்லை, கண்டல் மரக் கழிகள்தான். மரமே இல்லாத வளைகுடா ஊர்களுக்குக் கூரை உத்திரமாகப் போனவை அவை. கழியின் நீளம் எவ்வளவோ அவ்வளவுதான் அறையின் அகலம். அதனால் லாமுவிலும் வளைகுடாவிலும் பழைய வீடுகளின் அறைகள் ஒரே மாதிரி, மூன்று மீட்டருக்குள், நீண்டு குறுகி இருக்கும். ஆப்பிரிக்கச் சதுப்பில் வளர்ந்த ஒரு மரம் அரபு நாட்டு அறைக்கு அளவு சொல்லியிருக்கிறது. செல்வாக்கு ஒரு பக்கமாக மட்டும் பாயவில்லை.

படகும் அப்படி. 'ம்தேப்பே' என்ற பழைய சுவாஹிலிப் படகில் ஆணியே கிடையாது. பலகைகளைத் தென்னங்கயிற்றால் தைத்து, ஓலைப்பாய் கட்டி ஓட்டினார்கள். பெரிப்ளூஸ் சொல்லும் ரப்தா என்ற துறைமுகத்துக்குப் பெயர் வந்ததே தைத்த படகுகளால்தான். பெரிய சரக்குக் கப்பல் 'ஜஹாஸி'. கப்பல் தலைவர் 'நஹோதா', பாரசீகச் சொல். நம் கடற்கரை மரைக்காயர்களிடம் 'நகுதா' என்று வழங்கியதும் அதுதான்.

எந்தச் சொல் எங்கிருந்து

கடன் வாங்கிய சொற்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் துறைமுகச் சந்தை கண்முன் வந்துவிடும். கடல் 'பஹாரி', மாலுமி 'பஹாரியா', விலை 'பெய்', லாபம் 'ஃபாய்தா', நஷ்டம் 'ஹஸாரா', கடன் 'தேனி', கணக்கு 'ஹெஸாபு', தராசு 'மிஸானி', வரி 'உஷூரு'. உஷூரு என்பது அரபில் பத்தில் ஒரு பங்கு.

இந்தச் சந்தைச் சொற்களில் சில நம் வீட்டிலும் இருக்கின்றன. பாரசீகம், உருது வழியாகவும் கடல் வழியாகவும் நமக்கு வந்தவை. சுவாஹிலியில் வழக்கறிஞர் 'வகிலி', நமக்கு வக்கீல். மீதி அங்கே 'பாகி', இங்கே பாக்கி. அங்கே 'தயாரி', இங்கே தயார். கருவூலம் அங்கே 'ஹஸினா', இங்கே கஜானா. இலங்கையில் ஒரு ராத்தல் பாண் வாங்குகிறோமே, அந்த ராத்தலும் சுவாஹிலியின் 'ரதிலி'யும் ஒரே அரபு எடைக்கல். பிறகு வந்த போர்த்துகீசியர் இரு கரையிலும் மேசையையும் லேஞ்சையும் (கைக்குட்டை) விட்டுப் போனார்கள்: அங்கே 'மேஸா', 'லேஸோ'.

இந்தியாவிலிருந்தும் நேரடியாகச் சில போயின. பணத்துக்கு அவர்கள் சொல்லும் 'பேஸா' நம் பைசாதான். 2007இல் கென்யாவில் தொடங்கிய எம்-பேஸா என்ற கைப்பேசிப் பணச் சேவை அந்தப் பெயரை உலகம் முழுக்கக் கொண்டுபோனது.

வீட்டுக்குள் போனால் காட்சி மாறுகிறது. அம்மா 'மாமா', குழந்தை 'ம்தோதோ', கை 'ம்கோனோ', தண்ணீர் 'மாஜி', வீடு 'ந்யும்பா', தூங்கு 'லாலா'. எல்லாம் பாந்து. இஸ்லாம் வந்து தொழுகைக்கும் பள்ளிவாசலுக்கும் அரபுப் பெயர்கள் வந்த பிறகும், இறைவனைக் குறிக்கும் அன்றாடச் சொல் 'முங்கு' என்ற பழைய பாந்துச் சொல்லாகவே இருக்கிறது. நோன்பிருப்பதும் 'ஃபுங்கா', அதாவது கட்டுதல், மூடுதல். ஆனாலும் 'சந்தைச் சொல் அரபு, வீட்டுச் சொல் பாந்து' என்று கோடு கிழித்துவிட முடியாது. ரத்தத்துக்கு 'தாமு', மீனுக்கு 'ஸமாகி', இரண்டும் அரபு.

அதைவிட ஆச்சரியம் சின்னச் சொற்கள். ஆனால் என்பதற்கு 'லாகினி', அல்லது என்பதற்கு 'அவ்', முன்பு 'கப்லா', பிறகு 'பாதா', காரணம் 'ஸபாபு'. சரக்கின் பெயரைச் சந்தையில் ஒரு மணி நேரத்தில் வாங்கிவிடலாம். 'ஆனால்' என்ற சொல்லை வாங்க, ஒருவரோடொருவர் வாதம் செய்து, சமாதானமாகி, ஒரே திண்ணையில் நெடுநாள் உட்கார்ந்திருக்க வேண்டும். காத்திருந்த மாதங்களின் அடையாளம் இந்தச் சொற்களில்தான் எனக்கு மிகத் தெளிவாகத் தெரிகிறது.

எண்களையும் பாருங்கள். ஒன்று முதல் ஐந்துவரை பாந்து: மோஜா, ம்பிலி, தாத்து, ன்னே, தானோ. எட்டும் பத்தும் பாந்து: நானே, கூமி. ஆறு, ஏழு, ஒன்பது மட்டும் அரபு: ஸித்தா, ஸபா, திஸா. இருபதிலிருந்து பத்துகள் எல்லாம் அரபு, நூறு 'மியா', ஆயிரம் 'எல்ஃபு'. கையால் எண்ணும் சின்னக் கணக்கு தன்னுடையதாகவும், மூட்டையாக எண்ணும் பெரிய கணக்கு வணிகனுடையதாகவும் ஆகிவிட்டது. ஏழுக்கு இருந்த பழைய பாந்துச் சொல் 'ஃபுங்காதே' முழுக்க அழியவில்லை. கல்யாணமான ஜோடி வெளிவேலை இல்லாமல் வீட்டில் இருக்கும் ஏழு நாளுக்கு அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது; இன்று தேனிலவுக்குச் சுவாஹிலியில் 'ஃபுங்காதே'தான்.

கிழமைகளில் இன்னும் வேடிக்கை. வெள்ளிக்கிழமைத் தொழுகையோடு வாரம் முடிகிறது. சனி முதல் நாள். ஜுமாமோஸி, ஜுமாபிலி, ஜுமாதாத்து, ஜுமான்னே, ஜுமாதானோ என்று புதன்வரை ஒன்று, இரண்டு எண்ணிக்கொண்டே வருவார்கள். புதன் ஐந்தாம் நாள். அடுத்து வியாழன் 'அல்ஹமிஸி'. அரபில் அதற்கும் ஐந்தாம் நாள் என்றுதான் பொருள், ஏனென்றால் அரபியர் ஞாயிறிலிருந்து எண்ணுகிறார்கள். ஒரே வாரத்தில் அடுத்தடுத்து இரண்டு ஐந்தாம் நாள். இரண்டு எண்ணிக்கையும் சண்டையில்லாமல் ஓடிக்கொண்டிருக்கின்றன.

ஒலியைப் பற்றி ஒரு வார்த்தை. சுவாஹிலிச் சொல் உயிரொலியில்தான் முடியும். அதனால் அரபின் 'கலம்' (எழுதுகோல்) 'கலாமு' ஆனது, 'வக்த்' (நேரம்) 'வகாதி' ஆனது. 'பஸ்ஸு', 'பேங்கு' என்று பேசும் நமக்கு இதை விளக்கவே வேண்டாம். எல்லாம் சேர்ந்து ஓடுவதைக் கேட்க ஒரு பழமொழி: 'ஹராகா ஹராகா ஹைனா பராகா'. அவசரம் அவசரம், அதில் பரக்கத் (இறையருள்) இல்லை. அவசரமும் பரக்கத்தும் அரபு. நடுவில் நின்று இரண்டையும் பிணைக்கும் 'ஹைனா', 'அதனிடம் இல்லை', அசல் பாந்து.

எழுத்தும் அரபிலிருந்து வந்தது. இன்று கிடைக்கும் மிகப் பழைய சுவாஹிலி ஆவணங்கள், 1711இல் கில்வாவில் அரபு எழுத்தில் எழுதப்பட்ட கடிதங்கள். அவை இருப்பது கோவாவின் ஆவணக் காப்பகத்தில். போர்த்துகீசியர் ஆட்சி இரு கரையையும் இணைத்ததன் மிச்சம். ப, ச போன்ற ஒலிகளுக்கும் எ, ஒ போன்ற உயிர்களுக்கும் அரபில் நேர் எழுத்து இல்லாததால் கவிஞர்கள் சமாளித்துத்தான் எழுதினார்கள். 19ஆம் நூற்றாண்டில் மிஷனரிகளும் பிறகு காலனி அரசுகளும் ரோமன் எழுத்தைப் பரப்பினார்கள். 1930இல் அமைந்த மொழிக் குழு, சான்சிபார் வழக்கை அடிப்படையாக வைத்துப் பொதுச் சுவாஹிலியை வகுத்தது.

சொல்லாமல் விடக்கூடாத ஒன்று இருக்கிறது. கஸ்காஸியும் கூஸியும் துணியையும் தந்தத்தையும் மட்டும் ஏற்றிச் செல்லவில்லை, மனிதர்களையும் ஏற்றிச் சென்றன. ஓமானியர் 1698இல் மொம்பாசாவின் ஜீசஸ் கோட்டையைப் போர்த்துகீசியரிடமிருந்து பிடித்தார்கள். 19ஆம் நூற்றாண்டின் முதற்பாதியில் ஓமான் சுல்தான் செய்யித் சயீத் தன் தலைநகரையே சான்சிபாருக்கு மாற்றினார். கிராம்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. உள்நாட்டிலிருந்து பிடித்து நடத்திக் கொண்டுவரப்பட்ட மக்கள் சான்சிபார் சந்தையில் விற்கப்பட்டார்கள். அந்தச் சந்தை 1873இல்தான் மூடப்பட்டது. அரபுச் சொற்களில் பெரும்பங்கு சுவாஹிலிக்குள் வந்தது இந்த ஓமானிய நூற்றாண்டுகளில்தான் என்று மொழியியலாளர்கள் கருதுகிறார்கள். தந்தத்துக்கும் அடிமைகளுக்குமான வணிகக் கூட்டங்கள் கடற்கரை ஊரான பாகமோயோவிலிருந்து தபோரா, உஜிஜி வழியாகக் காங்கோவரை போன பாதையில்தான் கடற்கரை மொழி உள்நாட்டு மொழியானது. அடிமைக்குச் சுவாஹிலி சொல் 'ம்தும்வா'. 'அனுப்பப்படுபவர்' என்று பொருள். இந்தச் சொல்லை அவர்கள் அரபிலிருந்து வாங்கவில்லை; பாந்து வேரிலேயே இருக்கிறது.

பழைய கப்பல் சொற்கள் இன்றும் வேலை செய்கின்றன, கரையேறி வேறு வேலைக்குப் போய்விட்டன. 'நஹோதா' இப்போது கால்பந்து அணியின் கேப்டன். 'திரா' என்ற திசைகாட்டி, தான்சானிய அரசின் தொலைநோக்குத் திட்டத்துக்குப் பெயர். அரபுக் கப்பலுக்கு வழிகாட்டிய 'ரூபானி' இன்று விமானி. அவர் ஓட்டும் விமானத்துக்கு மட்டும் அரபுச் சொல்லைத் தேடவில்லை. பறவையைக் குறிக்கும் பாந்துச் சொல்லையே, 'ந்தேகே', விமானத்துக்கும் வைத்துக்கொண்டார்கள். அதில் ஏறும் பயணிகள் 'வஸஃபிரி': வேர் அரபு, முன்னால் நிற்கும் 'வ' பாந்து.